வாய்க்கு வந்த பொருள்

அந்த அலுவலகத்தில் அவளை எல்லோரும் அகராதி என்றுதான் கூப்பிடுவார்கள். பெயர்களுக்குப் பொருள் எழுதுகிற வேலை என்பதால் வந்த பட்டம் பாதி, எதைச் சொன்னாலும் எதிர்த்துப் பேசுவாள் என்பதால் வந்தது மீதி. பதினேழு வருடமாக அதே நாற்காலி, அதே ஜன்னல், ஜன்னலுக்குக் கீழே அதே சாக்கடை. மழை பெய்தால் நாற்றம் ஒரேயடியாக மேலே வரும். பெய்யாவிட்டால் நிதானமாக வரும்.

நிறுவனம் போடுவது ஒரே புத்தகம். ஆயிரத்து இருநூறு பக்கம், தலையில் விழுந்தால் ஆள் பிழைக்க மாட்டான். உலகத்து மக்களின் பெயர்கள், குடும்பப் பெயர்கள், அவை எங்கே பிறந்தன, என்ன பொருள் என்று வரிசையாகப் போகும். மூன்று வருடத்துக்கு ஒருமுறை புதுப் பதிப்பு. அட்டையில் 'ஒவ்வொரு பெயரும் ஆராயப்பட்டது' என்று பொன்னெழுத்தில் போட்டிருக்கும். அகராதி தன் பிரதியை எப்போதும் குப்புறக் கவிழ்த்துதான் வைப்பாள்.

பெயர்களை அவளுக்குப் பிடிக்கும். சில தேசங்களில் தகப்பன் பெயரே மகனுக்கு வால். சிலவற்றில் தாய்வீட்டுப் பெயரும் சேர்ந்துகொண்டு ரயில்பெட்டி மாதிரி நீளும். சில இடங்களில் குடும்பப் பெயர் முன்னால் போகும், ஆள் பெயர் பின்னால் வரும். குடும்பப் பெயரே இல்லாமல் சௌக்கியமாக இருக்கிறவர்களும் உண்டு. தோண்டிப் பார்த்தால் பெரும்பாலும் ஒரு தொழில், ஒரு ஊர், அல்லது உடம்பில் ஒரு குறை. கொல்லன், ஆற்றங்கரைக்காரன், மாறுகண்ணன். பிள்ளை தங்காத வீட்டில் எமனை ஏமாற்றக் குப்பை என்றும் சாணி என்றும் பெயர் வைத்த தாய்மார்கள் எத்தனையோ நாட்டில் இருந்திருக்கிறார்கள். மனுஷன் மனுஷனுக்குப் பெயர் வைத்த லட்சணம் அவ்வளவுதான், அதில் அசிங்கம் ஒன்றும் இல்லை என்பது அவள் கட்சி.

அசிங்கம் எல்லாம் அதற்குப் பிறகு நடப்பதில் இருந்தது. "கழுவு" என்பார் முதலாளி. குதிரை லாயத்தில் லத்தி அள்ளியவன் என்று அவள் எழுதினால், அது கழுவப்பட்டுக் குதிரைப்படையை நடத்தியவன் என்று அச்சாகும். அநாதை இல்லத்து வாசலில் போட்டுவிட்டுப் போன குழந்தைகளுக்கெல்லாம் ஒரே பெயராக வைத்த பெயர், கடவுள் தந்தவன் என்று ஆகும். விலைக்கு வாங்கிய அடிமைக்கு எஜமான் தன் பெயரையே சூடு போட்ட மாதிரி வைத்தான் என்று ஒரு பக்கம் எழுதியிருந்தாள். 'பெருங்குடும்பங்களோடு நெருங்கிப் பழகியவர்கள்' என்று அது திரும்பி வந்தது. அன்றைக்கு அவள் சாப்பாட்டு டப்பாவைத் திறக்கவே இல்லை.

"வாங்கறவன் தன் பேரைத்தான் முதல்ல பார்ப்பான்" என்பார் முதலாளி. "லத்தின்னு இருந்தா எவன் அலமாரியில வைப்பான்?" சொல்லிக்கொண்டே கார் சாவியால் காதைக் குடைவார். குடைந்ததை ஒரு தடவை உற்றுப் பார்ப்பார். பிறகு அதே சாவியால் தபாலைப் பிரித்து அவளிடம் நீட்டுவார். கண்றாவி.

தொலைபேசியில் வருகிற பெற்றோர்களோ இன்னும் ஒரு படி மேலே. எல்லோருக்கும் ராஜா என்று பொருள் வருகிற பெயர்தான் வேண்டும். "இத்தனை ராஜா பொறந்தா வரி கட்டறது யாருங்க?" என்று அகராதி ஒருநாள் கேட்டுவிட்டாள். முதலாளி அதற்கு ஒரு வாரம் முறைத்தார்.

இந்தத் தொழிலில் திருட்டு அதிகம். ஒரு புத்தகம் வெளிவந்தால் ஆறே மாதத்தில் அதைப் பக்கம் பக்கமாகச் சுட்டு இன்னொருவன் போட்டுவிடுவான். பெயரின் பொருளுக்கு யார் உரிமை கொண்டாட முடியும்? அதனால் ஒவ்வொரு பதிப்பிலும் பத்துப் பொய்களைக் கலந்து வைப்பார்கள். அந்தப் பொய் இன்னொருவன் புத்தகத்தில் தலைகாட்டினால் திருடன் கையும் களவுமாக மாட்டினான். அலுவலகத்தில் அதற்கு எலிப்பொறி என்று பெயர். பொறிகளின் பட்டியல் முதலாளியின் மேஜை இழுப்பறையில், பூட்டுக்குள். பொறி வைக்க ஒரே ஒரு விதி உண்டு. உயிரோடு யாரும் சுமக்காத பெயராக இருக்க வேண்டும்.

ஒன்பது வருடத்துக்கு முன்னால் ஒரு பழைய கப்பல் பயணிகள் பட்டியலில் மூன்றெழுத்துக் குடும்பப் பெயர் ஒன்று அகராதியின் கண்ணில் பட்டது. ஒரே ஒரு ஆள் கப்பல் ஏறியிருந்தான். அதற்குப் பிறகு எந்த ஏட்டிலும் அந்தப் பெயர் இல்லை. தொலைபேசிப் புத்தகத்தில் பார்த்தாள், அதிலும் இல்லை. வம்சம் அற்றுப்போயிற்று என்று முடிவு கட்டினாள். மதியம் சாப்பிட்ட மயக்கத்தில், பக்கம் வடிவமைக்கிற தாடிக்காரரோடு சிரித்துக்கொண்டே வாய்க்கு வந்ததை எழுதினாள்: 'மயானங்களில் பிணத்தின் மேலிருந்த துணியையும் மோதிரத்தையும் திருடிப் பிழைத்த கூட்டத்தாரின் பெயர்.' தாடிக்காரருக்குச் சிரிப்பில் டீ மூக்கு வழியாக வந்தது. அவர் அப்படிச் சிரித்ததில் குஷியாகி, 'இவர்களைக் கண்டால் ஊரார் பிணத்தைக் காவல் காப்பர்' என்று இன்னொரு வரியும் சேர்த்தாள்.

பொறி நன்றாக வேலை செய்தது. ஆறு பேர் மாட்டினார்கள். ஆறு பேரும் முதலாளியிடம் வந்து கெஞ்சிச் சமாதானமாகப் போனார்கள், ஆனால் அச்சான புத்தகத்தை யார் திரும்ப வாங்க முடியும்? அது அப்படியே நூலகங்களில் போய் உட்கார்ந்துகொண்டது.

போன செவ்வாய்க்கிழமை காலை ஒருவர் வந்தார். அறுபது வயதிருக்கும். லிஃப்ட் பழுது பார்க்கிற கம்பெனியின் நீலச் சட்டை போட்டிருந்தார். துணிப்பையிலிருந்து அவர்களுடைய புத்தகத்தை எடுத்து, பஸ் டிக்கெட் வைத்து அடையாளம் செய்திருந்த பக்கத்தைத் திறந்தார். பக்கத்திலேயே தன் வேலை அட்டையையும் வைத்தார். அட்டையில் அவர் பெயருக்குப் பின்னால் அந்த மூன்றெழுத்து இருந்தது.

அற்றுப்போன வம்சம் எதிர் நாற்காலியில் உட்கார்ந்து தண்ணீர் கேட்டது.

"மேடம், எனக்கு ஒரே பொண்ணு" என்றார் லிஃப்ட்காரர். "பெரியாஸ்பத்திரியில நர்ஸ். பன்னிரண்டு வருஷ சர்வீஸ், ஒரு சொல் வாங்கினதில்ல. மூணு வாரத்துக்கு முன்னாடி அவ டியூட்டியில ஒரு பெரியவர் இறந்துபோயிட்டார். விரல்ல கிடந்த மோதிரத்தைக் காணோம். அவரோட மருமகன் இவ சட்டையில இருந்த பேரைப் பார்த்திருக்கான். பார்த்துட்டு, இந்தப் பக்கத்தை நகல் எடுத்துப் புகாரோட வச்சுக் கொடுத்துட்டான். 'பேர்லயே இருக்கே'ன்னு எழுதியிருக்கான் மேடம். இப்ப சஸ்பெண்ட்ல வீட்ல இருக்கா. வர்ற திங்கட்கிழமை விசாரணை."

"வேற சாட்சி இருக்கா?"

"ஒண்ணும் இல்ல. இந்தப் பக்கம்தான்." விரலால் அந்த வரியைத் தட்டினார். "எங்க குடும்பத்துல அப்படி ஒருத்தர் கிடையாது. பரம்பரையா மெக்கானிக்குங்க, அதுக்கு முன்னாடி படகு வேலை. இது எந்த ஏட்டுல இருக்கு? நீங்க பார்த்த ஏட்டை எனக்கு ஒரு தடவை காட்டுங்க. வேற ஒண்ணும் வேண்டாம்."

அவள் வாயைத் திறந்தாள். அதற்குள் முதலாளி கதவருகில் வந்து நின்றார்.

"சார், நாங்க ஆராயாம ஒரு வரி எழுத மாட்டோம்" என்றார். "வருத்தம்தான். ஆனா நீங்க கோபப்பட்டா வரலாறு மாறிடுமா? நம்பிக்கை இல்லன்னா நூலகத்துக்குப் போங்க. வேற ஆறு புத்தகம் இருக்கு. எல்லாத்துலயும் இதேதான் இருக்கும்."

லிஃப்ட்காரர் அகராதியைப் பார்த்தார். ஒரு வார்த்தை சொன்னால் போதும். பதினேழு வருடமாக எதற்கெடுத்தாலும் எதிர்த்துப் பேசியவளுக்கு அந்த ஒரு வார்த்தை வரவில்லை. "பார்க்கிறேன்" என்று தலையைக் குனிந்துகொண்டு முனகினாள். அவர் புத்தகத்தைப் பைக்குள் வைத்துக்கொண்டு எழுந்து போனார்.

கதவு சாத்தியதும் அவள் முதலாளி அறைக்குள் நுழைந்தாள். "அது எலிப்பொறி சார். நான் வாய்க்கு வந்தபடி எழுதினது."

"எனக்குத் தெரியாதா?"

"தெரிஞ்சுமா அவரை நூலகத்துக்கு அனுப்பினீங்க? அந்த ஆறும் நம்மகிட்ட திருடினது."

"அதைச் சொன்னா நம்ம புத்தகத்துல பொய் இருக்குன்னு ஆயிடும். ஒரு பொய் இருக்குன்னு தெரிஞ்சா மீதியை எவன் நம்புவான்? வாயை மூடிட்டு இரு. பேரை வச்சு யாருக்கும் வேலை போகாது. போச்சுன்னா, மோதிரத்தை அவ எடுத்திருப்பா."

"எதை வச்சு சொல்றீங்க?"

"ஏன், நெருப்பில்லாம புகையுமா?"

அகராதி அவரை வெறித்துப் பார்த்தாள். மனுஷர் விளையாட்டுக்குச் சொல்லவில்லை. பொய் என்று தெரியும், அது எந்த மதியம் எந்த மேஜையில் பிறந்தது என்றும் தெரியும். இருந்தும் ஒன்பது வருடம் அச்சில் கிடந்த பிறகு அவருக்கே அதில் ஒரு நம்பிக்கை வந்துவிட்டது.

"புகையை ஊதினதே நாம சார்" என்றாள்.

"போ, போய் வேலையைப் பாரு."

பொறிப் பட்டியலைக் கேட்டாள். இழுப்பறையின் மேல் கையை வைத்துக்கொண்டு முடியாது என்றார். தாடிக்காரரிடம் போனாள். "எந்தப் பேரு? எனக்கு ஞாபகமே இல்லையே" என்றார் தாடிக்காரர், திரையிலிருந்து கண்ணை எடுக்காமல். மூக்கில் டீ வரச் சிரித்த மனுஷன். சீ, இவர்களோடா பதினேழு வருடம் டீ குடித்தோம் என்று இருந்தது அவளுக்கு. அதைவிட மோசம், எழுதிய கை தன்னுடையது. இவர்கள் மேல் காறித் துப்பினால் எச்சில் தன் மேலேயே விழும்.

வியாழக்கிழமை பெரியாஸ்பத்திரிக்குப் போன் போட்டு விசாரித்து, நர்ஸ் வீட்டு எண்ணைப் பிடித்துப் பேசினாள். நர்ஸே எடுத்தாள்.

"அப்பா நூலகத்துல இருக்கார்" என்றாள் நர்ஸ். "ரெண்டு நாளா வேலைக்கு லீவு போட்டுட்டு அங்கேயே கிடக்கறார். வீட்டுக்கு வந்தா பேசறதே இல்ல. நீங்க யாரு?"

"நான்... அந்தப் புத்தகத்து ஆபீஸ். திங்கட்கிழமை விசாரணைக்கு வர்றேன்."

"எதுக்கு?"

"நேர்ல சொல்றேம்மா."

தொலைபேசியை வைத்த பிறகு தன்னைத்தானே திட்டிக்கொண்டாள். அப்போதே சொல்லியிருக்கலாம். 'நான்தான் கட்டிவிட்டேன்' என்று சொல்ல எத்தனை நேரம் பிடிக்கும்? மானம் தடுத்தது. இன்னும் மிச்சமிருந்ததா அந்த மானம் என்றுதான் தெரியவில்லை.

திங்கட்கிழமை காலை ஆஸ்பத்திரியின் மூன்றாம் மாடியில், மருந்து வாடையும் தரை துடைத்த வாடையும் கலந்த ஒரு நீள அறையில் விசாரணை நடந்தது. நடுவில் ஆஸ்பத்திரிக் கண்காணிப்பாளர், அவர் பக்கத்தில் தலைமை நர்ஸ். எதிரே புகார் கொடுத்த மருமகன், தன் முன்னால் ஏழு புத்தகங்களைக் கோபுரமாக அடுக்கி வைத்திருந்தான். மாமனார் செத்த துக்கத்தைவிட ஏழையும் தேடிப் பிடித்த பெருமைதான் அவன் முகத்தில் தெரிந்தது. நர்ஸ் சுவரோரம் உட்கார்ந்திருந்தாள், மெலிந்த பெண், தூங்கிப் பல நாளான கண். லிஃப்ட்காரர் கதவை ஒட்டி நின்றார். உட்காரச் சொன்னார்கள், அவர் உட்காரவில்லை.

புத்தகத்து ஆபீஸ் என்று சொல்லி உள்ளே வந்து உட்கார்ந்திருந்த அகராதி எழுந்து ஒரே மூச்சில் சொல்லி முடித்தாள். எலிப்பொறி என்றால் என்ன, ஏன் வைப்பார்கள், அந்த மூன்றெழுத்தை எங்கே கண்டாள், எப்படிச் சிரித்துக்கொண்டே எழுதினாள், எல்லாவற்றையும்.

மருமகன் துள்ளி எழுந்தான். "இவங்க ஒருத்தர் பொய்யின்னா மத்த ஆறு பேருமா பொய்?"

"ஆறும் என் குட்டிதான். ஒவ்வொண்ணா திறந்து பாருங்க. 'பிணத்தைக் காவல் காப்பர்'ன்னு இருக்கும். ஒரு எழுத்து மாறாது. ஏழு பேர் தனித்தனியா ஆராய்ஞ்சா ஒரே வாக்கியமா வரும்?"

தலைமை நர்ஸ் கோபுரத்திலிருந்து மூன்று புத்தகங்களை எடுத்துப் பார்த்தாள். "ஆமா, அச்சு அசல் அப்படியேதான் இருக்கு" என்றாள். பிறகு மருமகனைப் பார்த்து, "அன்னிக்கு உடம்பை ரெண்டு பேர் கீழே கொண்டுபோனாங்க. வேன்ல ஏத்தினவர் ஒருத்தர். உங்க வீட்டு ஆளுங்க நாலு பேர் கூட இருந்தாங்க. இதுல யார் பேரையாவது புத்தகத்துல தேடினீங்களா?" என்று கேட்டாள். மருமகன் மிச்சப் புத்தகங்களைத் தன் பக்கம் இழுத்துக்கொண்டான்.

கண்காணிப்பாளர் தொண்டையைக் கனைத்தார். அவருக்கு வேறு ஒரு கவலை வந்திருந்தது. "எங்க வீட்டிலயும் உங்க புத்தகம் இருக்கு" என்றார். "எங்க குடும்பப் பேருக்குக் கோட்டையைக் காத்தவர்கள்னு போட்டிருக்கு. சட்டம் போட்டு ஹால்ல மாட்டியிருக்கேன். அதுவும் எலிப்பொறியா?"

"எலிப்பொறி இல்ல சார். அது கழுவினது."

"அப்படின்னா?"

"கோட்டைக்கு வெளியில பன்றி மேய்ச்சவங்க."

தலைமை நர்ஸ் சட்டென்று ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டாள். கண்காணிப்பாளரின் முகம் போன போக்கைப் பார்த்து அகராதிக்குக் கொஞ்சமும் சிரிப்பு வரவில்லை. ஒருவன் மேல் சாணி அடித்தது பொய், இன்னொருவனுக்குப் பட்டுக் கட்டியதும் பொய், இதற்கு ஒரு பொன்னெழுத்து அட்டை. "பன்றி மேய்க்கறது கேவலம் இல்ல சார்" என்றாள். "நான் செஞ்சதுதான் கேவலம்."

எழுதிக் கொடுக்கச் சொன்னார்கள். எழுதினாள்: 'இந்தப் பெயருக்கு நான் கொடுத்த பொருள் முழுப் பொய்.' கையெழுத்துப் போட்டாள். அதோடு தன் வேலை போய்விட்டது என்று அவளுக்குத் தெரியும். தொலையட்டும், பீடை.

புகாரில் வேறு எதுவும் இல்லாததால் சஸ்பெண்ட் உத்தரவை அங்கேயே ரத்து செய்தார்கள். நர்ஸ் மறுநாளே வேலைக்கு வரலாம். நர்ஸ் எழுந்து வந்து அகராதியின் முன்னால் நின்றாள். நன்றி சொல்வாள் என்று அங்கே இருந்தவர்கள் நினைத்திருப்பார்கள்.

"அப்ப எங்க பேருக்கு நிஜமான அர்த்தம் என்ன?"

"தெரியாதும்மா."

"தேடினீங்களா?"

"இல்ல."

"பொய்தானே எழுதினீங்க?" என்றாள் நர்ஸ். குரலை உயர்த்தவே இல்லை. "நல்ல பொய்யா ஒண்ணு எழுதியிருக்கக் கூடாதா?"

நல்ல பொய்க்கு யாரும் சிரித்திருக்க மாட்டார்கள், அதனால்தான் எழுதவில்லை என்று எந்த வாயால் சொல்வது? நர்ஸ் பதிலுக்குக் காத்திராமல், கையெழுத்துப் போடவேண்டிய தாள்களை வாங்கத் தலைமை நர்ஸோடு போய்விட்டாள்.

அகராதி மாடிப்படியில் இறங்கும்போது பின்னால் செருப்புச் சத்தம் கேட்டது. லிஃப்ட்காரர் வேகமாக வந்துகொண்டிருந்தார். ஒரு திருப்பத்தில் அவளை நிறுத்தி, மேலேயும் கீழேயும் ஆள் வருகிறதா என்று பார்த்தார்.

"அம்மா, உங்களுக்குக் கோடிப் புண்ணியம்" என்றார். கண் கலங்கியிருந்தது. "முன்னப் பின்னத் தெரியாத பொண்ணுக்காக, உங்க வேலை போனாலும் போகட்டும்னு, அத்தனை பேர் முன்னாடி அவ்வளவு பெரிய பொய்யைச் சொன்னீங்களே. பெத்த நானே சொல்லியிருக்க மாட்டேன்."

அவளுக்கு முதலில் புரியவில்லை. புரிந்ததும் ஒரு படி மேலேறி அவருக்கு நேராக நின்றாள்.

"ஐயா, உள்ளே நான் சொன்னது நிஜம். புத்தகத்துல இருக்கறதுதான் பொய். நான் கட்டினது, ஐயா. உங்க வம்சத்துக்கும் அதுக்கும் ஒட்டும் இல்ல உறவும் இல்ல."

அவர் சின்னக் குழந்தையைச் சமாதானப்படுத்துகிற மாதிரி தலையாட்டினார். "எங்கிட்ட எதுக்கும்மா? அன்னிக்கு உங்க ஆபீஸ்ல ஏட்டைக் காட்டுங்கன்னு கேட்டேன். உங்களால பேச முடியல. தலையைக் குனிஞ்சுட்டீங்க. அப்பவே எனக்குப் பாதி தெரிஞ்சுபோச்சு. அப்புறம் நூலகத்துல ஆறையும் படிச்சேன். படிக்கப் படிக்க ஒவ்வொண்ணா ஞாபகம் வருது. எங்க தாத்தா வீட்டுல ஒரு தகரப் பெட்டி இருந்துச்சு. நிறைய வெள்ளைத் துணி. எங்களைத் தொடவே விட மாட்டார். ஏன்னு அப்பத் தெரியல." குரலை இன்னும் தாழ்த்தினார். "எம்பொண்ணுகிட்ட மட்டும் சொல்லிடாதீங்க. அவ நீங்க சொன்னதையே நம்பிக்கட்டும். இது என்னோட போகட்டும்."

"ஐயா, எந்த வீட்டுலதான் வெள்ளைத் துணி இல்ல? சத்தியமா சொல்றேன், அது நான்..."

"போதும்மா. நீங்க நல்லவங்க."

அகராதி கெஞ்சுகிற மாதிரி இரண்டு கையையும் அவர் பக்கம் நீட்டினாள். பிடித்துக்கொள்ள அவரும் கையைத் தூக்கினார். பாதியில் என்ன நினைத்தாரோ, தூக்கிய கையைச் சட்டையில் அழுத்தித் துடைத்து முதுகுக்குப் பின்னால் கொண்டுபோய் வைத்துக்கொண்டார்.

"வேண்டாம்மா" என்றார். "இந்தக் கையை நீங்க தொடாதீங்க."